பெரியவளின் வால்

மிளகாய்க்கு மூக்கின் மேல் கோபம் என்று அவளோடு வேலை பார்த்தவர்கள் சொல்வார்கள். அது அவர்களுடைய பெருந்தன்மை. மூக்கின் மேல் மட்டும் இருந்தால் துடைத்துவிட்டுப் போகலாம். அவளுக்கு அது உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால்வரை இருந்தது. ஐந்தடிக்கு ஓர் அங்குலம் குறைவு. காக்கி மேல்சட்டை, முழங்கால்வரை ரப்பர் பூட்ஸ், இடுப்பு வளையத்தில் பதினொரு சாவிகள். மிருகக்காட்சிசாலையில் முதல் எட்டு வருடம் கூட்டிப் பெருக்கினாள். பிறகு பத்தொன்பது வருடமாகக் குரங்குப் பகுதிக்கு அவள்தான் பராமரிப்பாளர். காலை ஆறரைக்கு அந்தச் சாவிச் சத்தம் கேட்டதும் பறவைப் பகுதிக்காரர் ஓடிப்போய், நடைபாதையில் வைத்த வாளியை எடுத்துவிடுவார்.

அழுகல் பழம் அனுப்பிய கடைக்காரர் அவளிடம் வாங்கிக்கட்டிக்கொண்ட பிறகு, ஒவ்வொரு பழத்தையும் தானே தடவிப் பார்த்துத்தான் கூடையில் போடுவாராம். கம்பிக்குள் பிஸ்கட் எறிகிறவர்கள் பாடு கேட்கவே வேண்டாம். ஆனால் அவளுக்கு உண்மையிலேயே வயிறு எரிந்தது வேறொன்றுக்கு. யாராவது ஒரு அப்பா குழந்தையைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு, குரங்கைக் காட்டி, இதிலிருந்துதான் நாமெல்லாம் வந்தோம் என்பார். அவ்வளவுதான், தண்ணீர்க் குழாயைக் கீழே போட்டுவிட்டு வந்துவிடுவாள்.

"உங்க சித்தப்பா பையனுக்கா நீங்க பொறந்தீங்க?" என்பாள்.

பாவம், அந்த மனிதர் விழிப்பார். விழிக்கட்டும் என்று விடாமல் அவரை நிறுத்தி வைத்துச் சொல்வாள். எல்லாருக்கும் ஒரே கொள்ளுத் தாத்தா. அந்தத் தாத்தா இன்றைக்கு எந்தக் கூண்டிலும் இல்லை. அவருடைய பிள்ளைகள் வெவ்வேறு காலத்தில் தனிக்குடித்தனம் போனார்கள். கண்ணாடி அறையில் ஈர மூக்கோடு பகலெல்லாம் தூங்குகிறதே தேவாங்கு, அதன் வீட்டார்தான் முதலில் பிரிந்தவர்கள். இழவுக்கு மட்டும் எட்டிப் பார்க்கிற சொந்தம். இந்த வாலுள்ள குரங்குகள் நம் வழியைவிட்டுப் பிரிந்தே இரண்டரைக் கோடி வருடத்துக்கு மேல். அதற்கப்புறம்தான் நம் பக்கத்து வம்சத்துக்கு வால் உதிர்ந்தது. அதோ, நீளக் கையோடு கயிற்றில் ஆடுகிற கிப்பன் ஜோடி, அவர்களும் நம்மைப் போல வாலில்லாதவர்கள், கிட்டத்துப் பங்காளி. ஆனால் எல்லாருக்கும் குடும்ப அடையாளம் ஒன்றுதான்: முகத்துக்கு முன்னால் பார்க்கிற இரண்டு கண், பிடிக்கத் தெரிந்த கை, விரல் நுனியில் தட்டையான நகம், பெற்றதை லேசில் இறக்கிவிடாமல் தூக்கிச் சுமக்கிற தாய். இதில் யாரும் யாருக்கும் மேலே இல்லை, யாரும் பாதி வழியில் நிற்கவும் இல்லை என்று முடித்துவிட்டு, மறுபடி குழாயை எடுத்துக்கொண்டு போய்விடுவாள்.

எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவளுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்று புதிதாக வருகிற அதிகாரிகள் கேட்பதுண்டு. ஆராய்ச்சிக்கு வந்த ஒரு மாணவி ஒரு வருடம் கூண்டுக்கு முன்னால் நோட்டுப் புத்தகத்தோடு உட்கார்ந்திருந்தாள். அந்தப் பெண் தீவனம் நறுக்குகிற அறையின் தரையில் சாக்பீஸால் ஒரு மரம் வரைந்து, எந்தக் கிளை எங்கே பிரிந்தது என்று காட்டினாள். மிளகாய் தினமும் அதைக் கழுவிவிடுவாள், மறுநாள் தானே வரைந்து பார்ப்பாள். வம்சம் அந்தப் பெண் சொன்னது. யாருக்கு யார் மகள் என்பது மட்டும் மிளகாய் தானே பார்த்துத் தெரிந்துகொண்டது.

அதில்தான் விஷயமே இருந்தது. வாலுள்ள குரங்குகளின் கூண்டில் பதினேழு பேர், இரண்டு குடும்பம். அங்கே ஆண்கள் சும்மா உறுமிக்கொண்டு திரிவார்கள். அதிகாரம் தாய் வழியில் போகும். தாய் எந்த இடத்திலோ மகளும் அதற்கு அடுத்த இடத்தில். முதல் குடும்பத்தின் தலைவியைத்தான் மிளகாய் 'பெரியவள்' என்று கூப்பிடுவாள். இருபத்தொரு வயது, குரங்குக்கு அது கிழ வயது. மூன்று மகள்கள், ஐந்து பேத்திகள். சூடு தருகிற விளக்குக்குக் கீழே இருந்த மேல் பலகை அவளுடையது. அவள் நடந்து வந்தால் மற்றவர்கள் நகர்ந்து இடம்விடுவார்கள். அவளுக்கு வால் மட்டும் இல்லை. முழங்கை முட்டி மாதிரி ஒரு அடிக்கட்டை இருந்தது.

மிளகாயிடம் இன்னொரு விசித்திரமும் இருந்தது. இவ்வளவு கத்துகிறவள் கதவை மட்டும் சத்தமில்லாமல் சாத்துவாள். இரும்பு இழுவைக் கதவை இரண்டு கையாலும் பிடித்து, குனிந்து கீழே பார்த்து, மறுபடி ஒரு தடவை பார்த்து, தூங்குகிற பிள்ளையைப் படுக்க வைக்கிற மாதிரி மெல்லக் கொண்டுபோய்ச் சேர்ப்பாள். வீட்டிலும் அப்படித்தான். தையல்காரரான அவள் கணவர், சண்டை போட்டுவிட்டு வெளியே போகும்போதுகூட இவள் கதவைப் பூ மாதிரி சாத்துகிறாளே என்று பல தடவை ஆச்சரியப்பட்டிருக்கிறார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோதுதான் புதுக் கண்காணிப்பாளர் வந்து சேர்ந்தார். அதற்கு முன் ஏதோ பெரிய கிடங்கில் சரக்கு அடுக்கிக்கொண்டிருந்தவர். கெட்டவர் இல்லை. குரல் உயர்த்தமாட்டார், நேரம் தவறமாட்டார். ஆனால் எதைப் பார்த்தாலும் கட்டம் போட்டு அடைத்தால்தான் அவருக்குத் தூக்கம் வரும். ஒரே வாரத்தில் அவருக்கு 'அட்டவணை' என்று பெயர் விழுந்துவிட்டது. புது வளாகம் ஒன்று கட்டி முடித்திருந்தார்கள்: ஒரு பக்கம் வாலுள்ள குரங்குகளுக்கு, இன்னொரு பக்கம் வாலில்லாத குரங்குகளுக்கு. அட்டவணை எல்லாரிடமும் படிவம் கொடுத்தார். எண், ஆணா பெண்ணா, எடை, தீவனம், வால் உண்டா இல்லையா.

மிளகாய் எரிச்சலோடு நிரப்பினாள். பெரியவளுக்கு நேராக வந்ததும் ஒரு நொடி பேனாவை நிறுத்தினாள். பிறகு 'இல்லை' என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போனாள்.

அவளுடைய வார விடுமுறை நாளில் இடமாற்றம் நடந்தது. மறுநாள் காலை அவள் வந்து தலையை எண்ணினாள். பதினாறு. மறுபடி எண்ணினாள். மேல் பலகை காலியாக இருந்தது, மூத்த மகள் கதவுப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள். அடுத்த பக்கத்திலிருந்து கிப்பன் ஜோடியின் காலைப் பாட்டு வந்தது. ஆனால் அது வழக்கமான பாட்டு இல்லை, எல்லைக்குள் எவனோ நுழைந்துவிட்டான் என்கிற கூச்சல். மிளகாய் ஓடினாள்.

பெரியவள் கிப்பன் கூண்டின் மூலையில், ஈரத் தரையில் உட்கார்ந்திருந்தாள். அது கையால் தொங்கித் தாவுகிறவர்களுக்காகக் கட்டின கூண்டு. மேலே கயிறும் கம்பியும்தான், உட்காரப் பலகை கிடையாது. நாலு காலால் கிளை மேல் நடக்கிறவளுக்கு, அதுவும் கிழவிக்கு, அங்கே கால் வைக்க இடமில்லை. அவள் ஒரு கயிற்றில் ஏறப் பார்த்தாள். ஆண் கிப்பன் பாய்ந்து வந்தது. அவள் பொத்தென்று விழுந்தாள்.

அட்டவணை அப்போது வளாகத்தின் வாசலில் பெயர்ப் பலகை சரியாக மாட்டியிருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தார். மிளகாய் நேராக அவர் முன்னால் போய் நின்றாள். பறவைப் பகுதிக்காரர் உட்பட நாலைந்து பேர் கூடிவிட்டார்கள். பெரியவளை ஏன் அங்கே போட்டீர்கள் என்று கேட்டாள். படிவத்தில் நீங்கள் எழுதினபடிதான் என்று அவர் அமைதியாகச் சொன்னார். அந்த அமைதிதான் அவளுக்கு எரிகிற நெருப்பில் எண்ணெய் விட்ட மாதிரி ஆயிற்று.

அவளுக்குக் கன்னத்தில் பை இருக்கிறது, கிப்பனுக்கு உண்டா என்று கேட்டாள். அவள் கை எவ்வளவு, கிப்பனின் கை எவ்வளவு, கண் இருக்கிறதா இல்லையா என்று கேட்டாள். தோளைப் பாருங்கள், நடையைப் பாருங்கள், பூனைக்கு வால் அறுந்தால் அதுவும் வாலில்லாக் குரங்கா என்று கேட்டாள். அட்டவணை பொறுமையாக, எனக்கு நிபுணத்துவம் இல்லை, எனக்குத் தாளில் இருப்பதுதான் தெரியும், மிருக டாக்டர் பயிற்சி முடிந்து இரண்டு வாரத்தில் வந்துவிடுவார், அப்போது பார்ப்போம் என்றார்.

"ரெண்டு வாரமா?" என்றாள் மிளகாய். "வால் இல்லைன்னா அங்கதான்னா, உங்களுக்கும்தான் சார் வால் இல்ல. போங்க, நீங்களும் போய் அந்தக் கயித்துல தொங்குங்க. உள்ளபடி பாத்தா பெரியவளவிட நீங்கதான் அதுங்களுக்குக் கிட்டத்துச் சொந்தம்."

பறவைப் பகுதிக்காரர் சிரிப்பை அடக்க முடியாமல் திரும்பிக்கொண்டார். அட்டவணை சிரிக்கவும் இல்லை, கோபப்படவும் இல்லை. அலுவலகத்திலிருந்து பழைய பதிவேடு ஒன்றை வரவழைத்து, ஒட்டியிருந்த துண்டுத்தாளைப் பிடித்துப் பக்கத்தைத் திறந்தார். பத்தொன்பது வருடத்துக்கு முந்தைய பக்கம். மூடப்பட்ட ஒரு சர்க்கஸிலிருந்து வந்த பெண் குட்டி, வயது இரண்டு. குறிப்பு என்ற இடத்தில் நீல மையில் ஒரே வரி.

"'பிறவியிலேயே வால் இல்லை,'" என்று படித்தார். "இது உங்க கையெழுத்துதானம்மா?"

மிளகாய் இடுப்புச் சாவி வளையத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"பொறக்கும்போதே வால் இல்லைன்னா அது வாலில்லாத இனம்னுதான நான் எடுத்துக்க முடியும்? தப்புன்னா எது சரின்னு எழுதிக் குடுங்க. இன்னைக்கே மாத்திடறேன்."

அவளுக்கு வாலுள்ள மகள்கள் மூன்று பேர் அந்தக் கூண்டில் இருக்கிறார்களே என்று முனகினாள். பதிவேட்டில் குட்டி ஒன்று, குட்டி இரண்டு என்றுதான் இருக்கிறது, தாய் யார் என்று எங்கும் இல்லையே என்றார் அவர். அதுவும் உண்மைதான். யார் கேட்டார்கள் அவளை? தீவனம் எத்தனை கிலோ என்று கேட்டார்களே தவிர, யாருக்கு யார் பிள்ளை என்று ஒருத்தராவது கேட்டிருப்பார்களா? அவள் பதில் சொல்லாமல் திரும்பி நடந்தாள். மிளகாய் பதில் சொல்லாமல் போனதை அங்கிருந்த யாரும் அதுவரை பார்த்ததில்லை.

அன்று முழுவதும் யாரையும் திட்டவில்லை. பறவைப் பகுதிக்காரர் வேண்டுமென்றே நடைபாதையில் வாளியை வைத்துப் பார்த்தார். அவள் அதைச் சுற்றிக்கொண்டு போனாள். சாயங்காலம் கிப்பன்கள் பெரியவளை மூலையிலிருந்து கிளப்பி, கடித்துவிட்டன. தோளில் இரண்டு விரல் நீளத்துக்குப் பிளவு. வைத்த தீவனம் அப்படியே இருந்தது. அவளுடைய கூட்டத்தின் கூண்டில் நிலைமை அதைவிட மோசம். இரண்டாவது குடும்பத்துத் தலைவி மேல் பலகையின் ஓரத்தில் ஒரு கையை வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். இன்னும் இரண்டு நாள் போனால் அவள் முழுதாக ஏறி உட்கார்ந்துவிடுவாள். அதற்குப் பிறகு பெரியவளைத் திரும்பக் கொண்டுவந்தால், அவள் தலைவி இல்லை, அந்நியக்காரி. கூட்டமாகச் சேர்ந்து கொன்றுபோடுவார்கள். ஆக கிழவிக்கு அங்கே இருந்தாலும் சாவு, தாமதித்துத் திரும்பினாலும் சாவு.

வீட்டில் அவள் கணவர் முன்னறையில் தையல் இயந்திரத்தில் உட்கார்ந்திருந்தார். தரையெல்லாம் நூல். அவள் ஒன்றும் சொல்லாமல் அதன் மேலேயே நடந்து போய் நாற்காலியில் உட்கார்ந்ததும் அவர் பயந்துபோய் இயந்திரத்தை நிறுத்தினார். என்ன என்று கேட்டார். அவள் சொன்னாள்.

பெரியவள் வந்த மூன்றாம் நாள் அது. மிளகாய் அப்போதுதான் துடைப்பத்தை வைத்துவிட்டுச் சாவியை வாங்கியிருந்தாள்; ஆறு மாதம் பார்த்துவிட்டு வேலையை உறுதி செய்வதாகச் சொல்லியிருந்தார்கள். காலையில் அப்போதைய மேற்பார்வையாளர் எல்லார் முன்னாலும், பொம்பளைக்கு எதுக்கு கூண்டுச் சாவி, பழையபடி கூட்டப் போ என்று சொல்லிச் சிரித்தார். கூட இருந்தவர்களும் சிரித்தார்கள். அவள் உள்ளே வந்து, அந்த ஆத்திரத்தில், இரும்புக் கதவை இழுத்து ஓங்கி அறைந்தாள். யார் மேலோ இருந்த கோபம். பின்னாலேயே ஓடி வந்த குட்டியின் வால் கதவுக்கும் சட்டத்துக்கும் நடுவில் இருந்தது. அவளே மருந்து போட்டாள், அவளே கட்டினாள். அறுந்த வால் துண்டை ஒரு பழைய துணியில் சுற்றிக் குழாய் அறைக்குப் பின்னால் புதைத்தாள். பதிவேட்டில் எழுதச் சொன்ன நாளில், பிறவியிலேயே வால் இல்லை என்று எழுதினாள். அவளைச் சேர்த்து நாலு பேர் தவிர அந்தக் குட்டியை வாலோடு யாரும் பார்த்திருக்கவில்லை, பார்த்தவர்கள் யாரும் கவனித்திருக்கவும் இல்லை.

கணவர் கையிலிருந்த கத்தரியைக் கீழே வைத்தார். பிறகு அவருக்கே கோபம் வந்துவிட்டது, அவருக்குக் கோபம் வருவது வருடத்துக்கு ஒரு தடவை.

"காலர் ஒரு நூல் கோணலாப் போனதுக்கு என்னை ஒரு வாரம் திட்டினியே. ஊர்ல ஒருத்தரையும் விடாம திட்டினியே. இத வயித்துல வெச்சிக்கிட்டா?"

"ஆமாங்க."

"அதான் கதவா?" என்றார்.

அவள் தலையாட்டினாள். சொன்னால் வேலை போய்விடுமா என்று கேட்டார். போகலாம் என்றாள். சொல்லாவிட்டால் என்ன ஆகும் என்று அவர் கேட்கவில்லை. துணியை மடித்து வைத்துவிட்டு, காலையில் சீக்கிரம் போ, நான் சாப்பாடு கட்டித் தருகிறேன் என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் எட்டு மணிக்கு அட்டவணை அலுவலகக் கதவைத் திறந்தபோது மிளகாய் வாசலில் நின்றுகொண்டிருந்தாள். உட்காருங்கள் என்றார். உட்காரவில்லை. பதிவேட்டை எடுங்கள், பேனாவும் எடுங்கள் என்றாள். அவர் எடுத்தார். அவள் குரல் ஏறிக்கொண்டே போனது. அவரைத் திட்டுகிற மாதிரிதான் இருந்தது. திட்டு யாருக்கு என்று தெரிய அவருக்குச் சற்று நேரம் பிடித்தது.

"எழுதிக்கோங்க சார். பிறவியில வால் இருந்தது. நல்ல நீள வாலு. நான்தான் கதவ அறைஞ்சு அத வெட்டினேன். பொய் எழுதினதும் நான்தான். உங்க வம்சத்துக்கு வால் போக கோடிக்கணக்கான வருஷம் ஆச்சு, அவளுக்கு என் கையால ஒரு நொடிதான் ஆச்சு. ரெண்டும் ஒண்ணா? என்னை என்ன வேணா பண்ணுங்க. அவள இப்பவே அவ பொண்ணுங்ககிட்ட கொண்டுபோய் விடணும்."

அட்டவணை பேனாவை மூடினார், திறந்தார். பத்தொன்பது வருடப் பதிவேட்டில் பொய் இருக்கிறது என்பது அவருக்கு உடம்பில் எங்கோ வலிக்கிற விஷயம், அது முகத்திலேயே தெரிந்தது. இதற்கு நான் நடவடிக்கை எடுத்தே ஆகவேண்டும், உங்களைக் குரங்குப் பகுதியில் வைத்திருக்க முடியாது, அடுத்த மாதம் முதல் தேதியிலிருந்து நீங்கள் நுழைவாயிலில் சீட்டுக் கிழிக்கிற வேலைக்குத்தான் போகவேண்டும் என்றார். சரி என்றாள். அது வேலை உறுதியாகாமல் இருந்த அன்றைக்கே தனக்குக் கிடைத்திருக்க வேண்டிய தண்டனை, பத்தொன்பது வருடம் தாமதமாக வந்திருக்கிறது என்றுதான் அவளுக்குத் தோன்றியது. அவர் நீல வரியை அடித்து, மேலே சரியானதை எழுதி, கையெழுத்துப் போட்டு, மாற்ற உத்தரவையும் அப்போதே எழுதிக் கொடுத்தார்.

பெரியவளை நேராகக் கூட்டத்துக்குள் விடவில்லை. பக்கத்து அறையில் விட்டு, நடுவில் கம்பிவலைக் கதவை மட்டும் மூடி வைத்தாள். அட்டவணையும் வந்து சுவரோரம் நின்றார். முதலில் யாரும் அசையவில்லை. பிறகு மூத்த மகள் இறங்கி வந்தாள். வலைக்குள் விரலை விட்டு, தாயின் காயத்துக்குப் பக்கத்தில் முடியை விலக்கி விலக்கிப் பார்க்க ஆரம்பித்தாள். மற்ற இரண்டு மகள்களும் வந்தார்கள். பேத்திகள் வந்தார்கள். ஒரு மணி நேரம் பொறுத்து மிளகாய் கதவைத் திறந்தாள்.

மேல் பலகையின் ஓரத்தில் தொற்றிக்கொண்டிருந்த இரண்டாவது குடும்பத்துக்காரி பல்லைக் காட்டிக்கொண்டு பாய்ந்தாள். பெரியவள் பின்வாங்கவில்லை, பின்வாங்க வலுவும் இல்லை. ஆனால் அவளுக்கு முன்னால் மகள்கள் மூன்று பேரும் தோளோடு தோள் ஒட்டி நின்றார்கள். பின்னால் பேத்திகள். பாய்ந்தவள் பாதி வழியில் நின்றாள், கீழே பார்த்தாள், ஒன்றும் நடக்காத மாதிரி பக்கவாட்டில் நடந்து போனாள். பெரியவள் மெதுவாக, நாலு காலால், மேல் பலகைக்கு ஏறினாள். மிளகாய் புறங்கையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

அட்டவணை கையில் பதிவேடு இருந்தது. தொண்டையைக் கனைத்துக்கொண்டு, யாருக்கு யார் மகள் என்று இப்போது எழுதிக்கொள்ளலாமா என்று கேட்டார்.

"இருபத்தேழு வருஷமா இங்கதான சார் இருக்கேன். இப்பதான் கேக்கத் தோணிச்சா?" என்றாள். ஆனால் சொன்னாள். பதினேழு பேரையும், தாயையும், தாயின் தாயையும், காது மடல் கிழிந்தவள், நெற்றியில் சுழி உள்ளவன் என்று அடையாளத்தோடு சொன்னாள். அவர் கட்டம் போடாமல், அவள் சொன்னபடி, கிளை கிளையாக எழுதிக்கொண்டார். முடிக்க மத்தியானம் ஆகிவிட்டது.

எழுதி முடித்ததும் அவர் பதிவேட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு வெளியே போனார். பழக்க தோஷம், பின்னால் பார்க்காமல் ஒரு கையால் இரும்புக் கதவை இழுத்தார்.

"சார்," என்றாள் மிளகாய், கத்தாமல். "வால் இருக்கு."

அவர் நின்றார். குனிந்து பார்த்தார். ஒரு சின்னப் பேத்தி கதவருகே உட்கார்ந்து, விழுந்த கடலையைத் தேடிக்கொண்டிருந்தது. அதன் வால் சட்டத்தின் மேல் கிடந்தது. அது எழுந்து போகும்வரை அவர் அப்படியே காத்திருந்தார். பிறகு பதிவேட்டைத் தரையில் வைத்துவிட்டு, இரண்டு கையாலும் கதவைப் பிடித்து, மறுபடி ஒரு தடவை கீழே பார்த்து, மெல்லச் சாத்தினார்.